திருப்பூரில் திருத்திய பிரசங்கம்

முந்நூறு டி-ஷர்ட் வாங்குவதற்காக மலேசியாவிலிருந்து ஒருவன் திருப்பூருக்குப் போக வேண்டியதில்லை. ஈப்போவில் எங்கள் தெருமுனைக் கடையிலேயே அச்சடித்துத் தருவார்கள். ஆனாலும் சபையின் ஆண்டுவிழாக் குழுவில், “திருப்பூரில் என் தம்பி இருக்கிறான். நானே போய் நல்ல துணியாகப் பார்த்து எடுத்து வருகிறேன்” என்று நான் சொன்னபோது யாரும் மறுக்கவில்லை. முப்பது வருஷம் ஒரே சபையில் போதகராக இருந்தவனுக்கு அப்படி ஒரு சலுகை உண்டு. என் மனைவி பொன்மலர் மட்டும் வீட்டில் வைத்துக் கேட்டாள்: “டி-ஷர்ட் வாங்கப் போறீங்களா, தம்பியைப் பாக்கப் போறீங்களா?”

நான் பெட்டியை எடுத்துத் தூசி தட்டினேன்.

தம்பி தங்கராஜும் நானும் பேசி ஒன்பது வருஷம் ஆகியிருந்தது. எங்களுக்குச் சொந்த ஊர் தூத்துக்குடிப் பக்கம், செம்மணல் தேரிக்காட்டை ஒட்டிய கிராமம். ஒன்பது வருஷத்துக்கு முன்னால் விடுமுறையில் ஊருக்குப் போயிருந்தேன். கிறிஸ்துமஸ் பாட்டுப் பயிற்சிக்குப் போன தங்கராஜின் மகள் ஷீபாவைக் கார் ஒன்று அடித்துப் போட்டுவிட்டது. பதினோரு வயது. ஒரே பிள்ளை. காரை ஓட்டியவன் எங்கள் ஊர்க்காரன்தான். குடித்திருந்தான்.

அடக்க ஆராதனையில் என்னைப் பேசச் சொன்னார்கள். பேசினேன். தோட்டக்காரர் தமக்குப் பிடித்த பூவைப் பறித்துக்கொண்டார், அவருடைய சித்தத்தை நாம் கேள்வி கேட்கக் கூடாது என்றேன். எத்தனையோ அடக்கங்களில் சொன்ன வார்த்தைகள். எல்லோரும் அழுதார்கள். கல்லறைத் தோட்டத்து வாசலில் தங்கராஜ் என் முன்னால் வந்து நின்றான்.

“வண்டிய ஓட்டுனது அவன்லா? ஒங்க கர்த்தரா ஓட்டுனாரு?”

அவ்வளவுதான். அடுத்த மாதமே அவனும் ஜெயமணியும் ஊரைவிட்டுத் திருப்பூருக்குப் போய்விட்டார்கள். அவன் ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர், அவள் இன்னொரு கம்பெனியில் தைத்த துணியைச் சரிபார்க்கும் செக்கிங் வேலை என்று கேள்விப்பட்டேன். வருஷத்துக்கு ஒரு முறை ஜெயமணியிடமிருந்து கிறிஸ்துமஸ் வாழ்த்து வரும். அவனிடமிருந்து ஒரு வரி வந்ததில்லை.

கோயம்புத்தூரில் இறங்கிப் பேருந்து பிடித்தேன். ஈப்போவின் வெயில் ஈரத் துணியைப் போர்த்தியது மாதிரி இருக்கும். இங்கே வெயில் காய்ந்து, காது மடலைத்தான் முதலில் பிடித்தது. நடத்துனர் என்னைத் திருப்பூர் ஊருக்குள் விடாமல், “இங்கயே எறங்கிக்குங்க, உள்ள போகாதுங்க” என்று புறவழிச் சாலையில் இறக்கிவிட்டுப் போய்விட்டார். பெட்டியும் நானும் ஒரு புளியமரத்தடியில் நின்றோம். கொஞ்ச நேரத்தில் ஓர் ஆட்டோ வந்து நின்றது.

“ஏனுங்க சாமி, எங்கீங்க போகோணும்?”

நான் போதகர் என்பது நெற்றியில் எழுதியிருக்கிறதோ என்று ஒரு கணம் அசந்துபோனேன். வழியில் குறுக்கே வந்த கிழவரையும் அவர், “பாத்துப் போங்க சாமி” என்றபோதுதான் அது இந்த ஊர் மரியாதை என்று புரிந்தது. எங்கள் ஊரில் அந்தக் கிழவருக்கு வேறு மாதிரியான சொல் கிடைத்திருக்கும்.

விடுதியில் இன்னொரு குழப்பம். பதிவேட்டில் தொழில் என்னவென்று கேட்டார்கள். எங்கள் பக்கத்துச் சபைகளில் போதகரை ஐயர் என்றுதான் சொல்வோம். பழக்க தோஷத்தில், “ஐயரா இருக்கேன்” என்றேன். மேசையில் இருந்த இளைஞர் உடனே எழுந்து நின்று, “அடுத்த வீதியில சுத்த சைவ ஓட்டல் இருக்குதுங்க” என்று வழி சொன்னார். நான் நேர் எதிரே இருந்த மெஸ்ஸில் ஆட்டுக்கறிக் குழம்பு சாப்பிட்டுவிட்டு வெளியே வரும்போது அவர் வாசலில் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். விளக்கம் சொல்லத் தோன்றவில்லை. குழம்பு அவ்வளவு நன்றாக இருந்தது.

அன்றைக்கே தம்பி வீட்டுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. பயணக் களைப்பு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

மறுநாள் காதர்பேட்டை. எந்தப் பக்கம் திரும்பினாலும் பனியன், ஜட்டி, டி-ஷர்ட், குழந்தைச் சட்டை. கடைக்குள் இருப்பதைவிட வாசலில் கட்டுக் கட்டாகக் கிடப்பது அதிகம். நான் நுழைந்த கடையில் வட நாட்டு வியாபாரிகள் இருவர் துணியை இழுத்து இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கடைக்காரர் அவர்களிடம் இந்தி, தொலைபேசியில் இங்கிலீஷ், என்னிடம் கொங்குத் தமிழ் என்று மூச்சு விடாமல் மாறி மாறிப் பேசினார். வெள்ளைத் துணி, நெஞ்சில் சபையின் பெயர், கீழே ‘அன்பு’ என்ற ஒரு சொல். அதுதான் எங்களுக்கு வேண்டியது.

“அஞ்சு நாளாகுமுங்க. பிரிண்டிங்ல கூட்டமுங்க” என்றார். “அது வரைக்கும் சொந்தக்காரங்க யாராச்சும் இருந்தாப் பாத்துட்டு வாங்க.”

அவருக்கு என்ன தெரியும்! வேண்டுமென்றே சொன்னது மாதிரி இருந்தது.

எதிரே தேநீர்க் கடையில் உட்கார்ந்தேன். ஈப்போவில் நுரை பொங்க இழுத்து ஊற்றும் தே தாரிக் ஒரு குவளை குடித்தால் மதியம் வரை பசிக்காது. இங்கே விரல் அளவு கண்ணாடிக் குவளையில் இரண்டு மிடறு. ஆனால் அந்த இரண்டு மிடறில் இஞ்சி தொண்டையைப் பிடித்தது. பக்கத்துப் பலகையில் இரண்டு வட நாட்டுத் தொழிலாளிகள் பேசிக்கொண்டிருந்தார்கள். ஒருவன் சொல்ல, இன்னொருவன் தரையையே பார்த்தான். என்ன சொல்கிறான் என்று கடைக்காரரைக் கேட்டேன்.

“ஊர்ல நெல்லு அறுத்தாச்சாமுங்க. ‘நீ இல்லாமயே அறுத்துட்டோம், நீ ஒண்ணும் கவலப்படாத’ன்னு வீட்ல சொன்னாங்களாம். அதுல இவனுக்கு வருத்தமுங்க.”

அந்தத் தொழிலாளியின் வருத்தம் எனக்கு நன்றாகப் புரிந்தது.

மூன்றாம் நாள், வேறு சாக்கு மிச்சமில்லாததால், போனேன். ஊரின் வடக்கே ஒரு சுற்றுச்சுவருக்குள் வரிசையாக ஆறு வீடுகள். வாசலில் நின்ற வீட்டுக்காரம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“யாரைங்க பாக்கோணும்?”

“தங்கராஜ். நான் அவன் அண்ணன்.”

“தங்கராசுக்கு அண்ணன் இருக்குதுங்களா?” என்றார் அந்த அம்மா, உண்மையான ஆச்சரியத்துடன்.

அந்தக் கேள்வி போதும், திரும்பிப் போய்விடலாம் என்று இருந்தது. அதற்குள் மூன்றாவது வீட்டுக் கதவு திறந்து ஜெயமணி எட்டிப் பார்த்தாள். “அத்தான்! வந்துட்டியளா!” என்று ஓடிவந்து என் பையைப் பிடுங்கிக்கொண்டாள். வருவதாக நான் சொல்லவேயில்லை. ஆனாலும் பல நாள் எதிர்பார்த்தது போல அவள் அந்த ‘வந்துட்டியளா’வைச் சொன்னாள்.

தங்கராஜ் உள்ளே தொலைக்காட்சியின் ஒலியைக் குறைத்துவிட்டு எழுந்தான். தலை பாதி நரைத்திருந்தது.

“வாங்க. இருங்க” என்றான். “பயணம்லாம் நல்லா இருந்துச்சா? மைனி நல்லா இருக்காவளா?”

சின்ன வயதிலிருந்து என்னை ‘நீ’ என்று மட்டுமே கூப்பிட்டவன். வா, போ, ஒனக்கு என்பதுதான் எங்கள் பேச்சு. இப்போது ஒவ்வொரு வாக்கியத்திலும் ‘ங்க’ வைத்துப் பேசினான். கொங்கு நாட்டுப் பழக்கம் ஒட்டிக்கொண்டதோ என்று முதலில் நினைத்தேன். ஜெயமணியிடம் அவன் அப்படிப் பேசவில்லை. எனக்கு மட்டும்தான் அந்த மரியாதை.

சாப்பிட உட்கார்ந்தபோது அவன் சொன்னான்: “நீங்க எத்தன நாளு வேணாலும் இங்க வந்து சாப்பிடலாம். பிள்ளையப் பத்தி மட்டும் பேசப்படாது.”

“சரி” என்றேன்.

ஜெயமணி சமாளித்துக்கொண்டே இருந்தாள். அவளோடு செக்கிங்கில் ஒடிசாப் பெண் ஒருத்தி இருக்கிறாளாம், சபிதா என்று பெயர். அவளுக்கு இவள்தான் தமிழ் சொல்லிக்கொடுத்தாளாம். “அவ இப்ப நம்ம ஊர்த் தமிழ்லா பேசுதா அத்தான். ‘வாரேன்க்கா, போயிட்டு வாரேன்க்கா’ன்னு. சூப்பர்வைசரு, ‘ஏம்மா நீ ஒடிசாவா, திருச்செந்தூரா’ன்னு கேக்காரு.” தங்கராஜும் லேசாகச் சிரித்தான். அச்சு வேலை எப்படிப் போகிறது என்று பார்க்க நாளைக் காலையில் என்னோடு காதர்பேட்டைக்கு வருவதாகவும் சொன்னான். இப்படியே ஐந்து நாளும் போய்விடும் என்று எனக்குத் தோன்றியது. நான் சொல்ல வந்ததைச் சொல்லாமலே திரும்பிவிடுவேன்.

நான்காம் நாள் காலையில் நான் போய்ச் சேர்ந்தபோது ஜெயமணி கம்பெனி வேனில் கிளம்பிவிட்டிருந்தாள். தங்கராஜ் பைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தான். நான் பின்னால் ஏறி உட்கார்ந்த அந்த நிமிஷம் அவனுடைய போன் அடித்தது. எடுத்துக் கேட்டான். “எங்க?” என்றான். “எந்த ஆஸ்பத்திரி?” என்றான். பிறகு போனைச் சட்டைப் பையில் வைக்கப் பார்த்தான். பை எங்கே இருக்கிறது என்று அவன் கைக்குத் தெரியவில்லை.

வேன் லாரியில் மோதிக் கவிழ்ந்துவிட்டது. உள்ளே பதினாறு பேர். யாருக்கு என்ன ஆயிற்று என்று தெரியாது. ஜெயமணி போன் எடுக்கவில்லை.

அவன் எப்படி ஓட்டினான் என்று எனக்கு நினைவில்லை. பாதி வழியில், பாலத்து அடியில், பைக்கின் சங்கிலி அறுந்து தொங்கியது. அவன் இறங்கி அதைக் கையால் பிடித்துப் பார்த்தான். கிரீஸ் அப்பிய கையோடு நடு ரோட்டில் நின்று போகிற வண்டிகளை மறித்தான். துணி உருளைகள் ஏற்றிய சின்ன லாரி ஒன்று நின்றது. ஓட்டுநர் மேற்கொண்டு எதுவும் கேட்காமலே, “ஏறுங்க” என்றார். முன்னால் இடமில்லை. அறுபத்திரண்டு வயதில், வெள்ளை வேட்டியோடு, துணி உருளைகளின் மேல் குப்புறப் படுத்துக்கொண்டு நான் திருப்பூரின் கடை வீதி வழியாகப் போனேன். தங்கராஜ் என் இடுப்பு வேட்டியைப் பிடித்திருந்தான், நான் விழுந்துவிடாமல்.

ஆஸ்பத்திரி வாசலில் ஓட்டுநர் இறங்கி வந்து எனக்குக் கை கொடுத்தார். “பதறாதீங்க சாமி. ஒண்ணும் ஆயிருக்காதுங்க. போய்ப் பாருங்க.” அவருக்கு ஒன்றும் தெரியாது. ஷீபாவின் அடக்கத்தன்று நானும் ஒன்றும் தெரியாமல்தான் பேசினேன். ஆனால் இவர் பேசியது யாரையும் காயப்படுத்தவில்லை. வண்டியை நிறுத்தி ஏற்றிக்கொண்டவர் சொல்வது என்பதால் இருக்கலாம்.

உள்ளே கூட்டம். பெயர்ப் பட்டியல் இன்னும் வரவில்லை, உட்காருங்கள் என்றார்கள். சுவரோரம் இரண்டு நாற்காலி கிடைத்தது. எதிர் வரிசையில் ஒல்லியான ஓர் இளைஞன், காலில் செருப்பில்லாமல், கதவையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். “பிஷ்ணு. சபிதாவோட புருசன்” என்று தங்கராஜ் மெல்லச் சொன்னான். அவனிடம் இந்தியில் ஏதோ கேட்டான். அவனுக்கும் ஒன்றும் தெரியவில்லை.

அரை மணி நேரம் போயிருக்கும்.

“அண்ணே.”

“சொல்லுடே.”

“இவளும் போயிட்டான்னா என்ன சொல்லுவ? அதே பூக்கதையச் சொல்லுவியா?”

‘சொல்லுவ’ என்றான். ‘ங்க’ போய்விட்டிருந்தது. அந்த நேரத்திலும் அது என் காதில் விழுந்தது.

“சொல்ல மாட்டேன்” என்றேன்.

“அன்னைக்கு எதுக்குச் சொன்ன?”

“பயந்துட்டேன்டே. எனக்கு ஒண்ணும் வெளங்கல. வெளங்கலன்னு அத்தன பேருக்கு முன்னால சொல்ல ஒரு போதகனுக்குத் தைரியம் வரல. வாயில இருந்ததச் சொல்லிட்டேன். தப்பு. அதச் சொல்லத்தான் வந்தேன். டி-ஷர்ட்டு வாங்க வரல.”

அவன் கையில் ஒட்டியிருந்த கிரீஸைத் தேய்த்துக்கொண்டே இருந்தான். அது போகவில்லை.

“அந்தக் கார்க்காரன் ரெண்டாவது வரிசையில நின்னு தலைய ஆட்டிக்கிட்டு இருந்தான். நீ பாக்கல. நான் பாத்தேன். அவன் பாவத்த எடுத்து நீ ஆண்டவர் தலையில வச்சுட்ட. அவன் கைய வீசிக்கிட்டு ஊட்டுக்குப் போயிட்டான்.” கொங்குச் சொல் அவன் பேச்சில் நுழைந்தது அவனுக்கே தெரியவில்லை. “சரி, அது போவட்டும். அழுவதுக்குன்னு எனக்கு இருந்தது ஆண்டவர் ஒருத்தருதான். கொன்னதே அவருதான்னு சொல்லிட்டியே. கொன்னவர் மடியில போயி எப்படிண்ணே தலைய வைக்க?”

முப்பது வருஷம் பிரசங்கம் செய்திருக்கிறேன். கை குலுக்கிப் போனவர்கள் உண்டு, தூங்கிப் போனவர்கள் உண்டு. இப்படி ஒரு திருத்தத்தை யாரும் எனக்குச் சொன்னதில்லை. ஒன்பது வருஷமாக அந்தப் பூவின் கதையை என்னால் வேறெங்கும் சொல்ல முடியவில்லை. ஒரு முறை ஈப்போவில் ஆரம்பித்து நாக்கு ஒட்டிக்கொண்டது. ஏன் என்று எனக்கே சரியாகத் தெரியாமல் இருந்தது. அவன் சொன்ன பிறகு தெரிந்தது.

“ஆண்டவர் ஓட்டலடே” என்றேன். “ஸ்டியரிங்க மனுசன் கையில குடுத்திருக்காரு. நேசிக்கணும்னா, மாட்டேன்னு சொல்லுததுக்கும் வழி இருக்கணும். கயித்தக் கட்டி இழுத்தா அது பொம்மை, பிள்ளையில்ல. அவருக்குப் பிள்ளைங்கதான் வேணும். ஆனா அந்தக் கையாலதான் நாம குடிக்கவும் செய்யுதோம், பிள்ளை மேல வண்டிய ஏத்தவும் செய்யுதோம்.”

“அப்ப அவரு மேல நின்னு பாத்துக்கிட்டு இருந்தாரா?”

“மேல இல்ல. ரோட்டுல, அவ பக்கத்துல. சிலுவையில இருந்து எறங்கி ஓடாதவரு வேற எங்க இருப்பாரு?”

“ஒனக்குத் தெரியுமா?”

“தெரியாது. நம்புதேன்.”

“எனக்கு அது போதாது.”

“எனக்கும் சில நாள் போதாதுதான்” என்றேன்.

அப்போது நடைபாதையின் கோடியில் ஒரு சலசலப்பு. தலையில் கட்டுப் போட்ட ஒருவரைச் சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு வந்தார்கள். வேன் ஓட்டுநர் என்று யாரோ சொன்னார்கள். காத்திருந்தவர்கள் எல்லோரும் அந்தப் பக்கம் திரும்பினார்கள். தங்கராஜ் எழுந்து விறுவிறுவென்று போனான். ஒன்பது வருஷத்துக் கோபமும் அவன் கையில் இருந்தது. நான் பின்னால் ஓடினேன்.

“குடிச்சிருந்தியா?” என்று கேட்டான் தங்கராஜ்.

“இல்லீங்க.” நாற்பது வயதிருக்கும் அந்த ஆளுக்கு.

“பெறகு எப்படி?”

நாற்காலியைத் தள்ளிவந்த உறவினர் குறுக்கே வந்தார். “விடுங்க, தலவிதிங்க. என்ன பண்றதுங்க. நடக்கோணும்னு இருந்திருக்குது.”

ஓட்டுநர் அவருடைய கையை விலக்கினார். “விதியெல்லாம் இல்லீங்க மாமா. நாந்தானுங்க. போன் வந்துச்சுங்க. ஊட்ல இருந்து. எடுத்துப் பாத்தேனுங்க. பாக்காம இருந்திருக்கோணும்.” பிறகு தங்கராஜைப் பார்த்தார். “உங்க ஊட்டம்மாவும் வண்டில இருந்தாங்களாங்க?”

தங்கராஜ் தலையை ஆட்டினான். அவன் கை உயரவில்லை. திரும்பி வந்து நாற்காலியில் உட்கார்ந்தான்.

“ஒத்துக்கிட்டாம்ணே” என்றான். அதன் பிறகு, நடைபாதை நிறைய ஆட்கள் இருக்க, என் தோளில் முகத்தை வைத்து அழுதான். கல்லறைத் தோட்டத்தில்கூட அவன் அழவில்லை. இந்த முறை பேசாமல் இருப்பதற்கு எனக்குக் கஷ்டமாக இல்லை.

பதினொரு மணிவாக்கில் ஒரு நர்ஸ் வந்து ஜெயமணியின் பெயரைச் சொன்னார். தோள்பட்டை எலும்பு முறிவு, நெற்றியில் ஆறு தையல், வேறொன்றும் இல்லை, நினைவோடு இருக்கிறார், இரண்டு நாளில் வீட்டுக்குப் போகலாம்.

“ஸ்தோத்திரம்!” என்று நான் சத்தமாகவே சொல்லிவிட்டேன். இரண்டு கையும் தானாக மேலே போய்விட்டது.

எதிரே பிஷ்ணு தலை நிமிர்ந்து பார்த்தான். அவனுக்கு அந்த வார்த்தை தெரியாது. அதன் பொருள் மட்டும் நன்றாகத் தெரிந்திருந்தது. சபிதாவின் பெயரை நர்ஸ் சொல்லவில்லை. அவள் கால் வேனுக்கு அடியில் சிக்கிவிட்டது என்றும், அறுவை அறையில் இருக்கிறாள் என்றும் கொஞ்ச நேரத்துக்கு முன்புதான் அவனுக்குச் சொல்லியிருந்தார்கள்.

தங்கராஜ் என் கையைப் பிடித்து மெதுவாகக் கீழே இறக்கினான்.

“பைய சொல்லுண்ணே” என்றான். அவ்வளவு கனிவாகச் சொன்னான். மனைவியைப் பார்த்துவிட்டு ஐந்து நிமிஷத்தில் திரும்பி வந்தவன், போய்ப் பிஷ்ணுவின் பக்கத்தில் உட்கார்ந்தான். நானும் போய் மறுபக்கம் உட்கார்ந்தேன். எனக்கு இந்தி தெரியாது. மலாய் மொழியால் அங்கே ஒரு உபயோகமும் இல்லை. ஒரே வண்டி, ஒரே இருக்கை. ஒருத்திக்கு ஆறு தையல், இன்னொருத்திக்குக் கால். ஜெயமணியை ஆண்டவர் காப்பாற்றினார் என்று நான் சொன்னால், சபிதாவை ஏன் விட்டார் என்று பிஷ்ணு கேட்கலாம். கேட்கவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டான், அவ்வளவுதான். மாலை நான்கு மணி வரை பிடித்திருந்தான்.

கால் பிழைத்தது. இரண்டு விரல்களை எடுக்க வேண்டியதாயிற்று. தங்கராஜ் அதை மொழிபெயர்த்துச் சொன்னபோது பிஷ்ணு முதலில் சிரித்தான், பிறகு இரண்டு விரல்களைக் காட்டி, “தோ?” என்று கேட்டுவிட்டு அழுதான், மறுபடி சிரித்தான். என்னைப் பார்த்து ஏதோ சொன்னான்.

“காலையில நீங்க கத்துனத இப்ப எனக்காவவும் ஒரு தடவ கத்துங்கன்னு சொல்லுதான்” என்றான் தங்கராஜ்.

இந்த முறை மெல்லச் சொன்னேன்.

ஐந்தாம் நாளும் ஆறாம் நாளும் ஆஸ்பத்திரியிலேயே போயின. வீட்டுக்காரம்மா தூக்குவாளி நிறைய அரிசிம்பருப்பு கொடுத்தனுப்பினார், மேலே நெய் மிதக்க. அரிசியையும் பருப்பையும் சேர்த்து வேகவைத்த அந்தச் சோற்றை அன்றைக்குத்தான் முதலில் சாப்பிட்டேன். ஈப்போவுக்கு வந்தபின் பொன்மலர் இரண்டு முறை செய்து பார்த்துவிட்டாள், அந்த வாசனை வரவில்லை. சபிதா கண் விழித்ததும் ஜெயமணியைப் பார்த்து, “அக்கா, கால் கெடக்கா?” என்று எங்கள் ஊர்த் தமிழில் கேட்டாளாம். ஜெயமணிக்குச் சிரிப்பும் தோள் வலியும் ஒன்றாக வந்துவிட்டன.

பிஷ்ணு ஜிலேபி வாங்கி வந்து நடைபாதையில் எல்லோருக்கும் கொடுத்தான். வேன் ஓட்டுநர் தலைக்கட்டோடு வெளி வாசலில் நின்றிருந்தார். முந்தின நாளும் அங்கேதான் நின்றாராம். பிஷ்ணு வாசல் வரை போனான், அவரைப் பார்த்தான், பொட்டலத்தை மூடிக்கொண்டு திரும்பிவிட்டான். எனக்கு வாய் துறுதுறுத்தது. மன்னிப்பைப் பற்றி என்னிடம் நாலு பிரசங்கம் தயாராக இருந்தது.

“விடுண்ணே” என்றான் தங்கராஜ். “அது அவனாச் செய்யணும். நாளைக்குச் செய்வான், இல்ல செய்யாமலே போவான். நாம சொல்லிச் செஞ்சா அது எதுக்கு?”

அவன் தானே வெளியே போய் ஓட்டுநருக்கு ஒரு தேநீர் வாங்கிக் கொடுத்துவிட்டு வந்தான். என்ன பேசினார்கள் என்று நான் கேட்கவில்லை. எங்கள் ஊர்க் கார்க்காரனைப் பற்றியும் கேட்கவில்லை. அதற்கு அவனுக்கு இன்னும் நாளாகலாம்.

டி-ஷர்ட்டுகள் சொன்ன நாளில் தயாராகிவிட்டன. கடைக்காரர், “சொந்தக்காரங்களப் பாத்தீங்களாங்க?” என்று கேட்டார். பார்த்தேன் என்றேன்.

கடைசி நாள் மாலை ஜெயமணி வீட்டுக்கு வந்துவிட்டாள். வலது கை கழுத்திலிருந்து தொங்கிய துணித் தொட்டிலில். எழுந்திருக்காதே கண்ணு என்று வீட்டுக்காரம்மா அதட்டிவிட்டுப் போயிருந்தார். அதனால் தங்கராஜே வாளைமீன் குழம்பு வைத்தான். புளி தூக்கல் என்று ஜெயமணி படுத்தபடியே வாசனையை வைத்துச் சொன்னாள். அவளைச் சுவரில் சாய்த்து உட்காரவைத்து, குழம்புச் சட்டியைச் சுற்றி மூவரும் உட்கார்ந்தோம். வழக்கத்தால் நான் ஜெபிக்க வாயைத் திறந்தேன்.

“இரு. நான் சொல்லுதேன்” என்றான் தங்கராஜ்.

ஜெயமணி சட்டென்று நிமிர்ந்தாள். அவன் கண்ணை மூடவில்லை. குழம்புச் சட்டியைப் பார்த்துக்கொண்டே பேசினான்.

“ஆண்டவரே, தங்கராசு பேசுதேன். ரொம்ப நாளாச்சு. ஜெயமணி இருக்கா, அதுக்கு நன்றி. சபிதாவுக்கு வெரலு போயிருச்சு. அதுக்கு என்ன சொல்லன்னு எனக்குத் தெரியல, நீரே பாத்துக்கிடும். அந்த டிரைவரயும் பாத்துக்கிடும்.” நிறுத்தினான். “எம் பிள்ளைய நீரு எடுக்கலன்னு அண்ணன் சொல்லுதாரு. அப்ப, அடிபட்டு வந்தவள உள்ள கூட்டிக்கிட்டவருதான் நீரு. இருட்டுன்னா அவளுக்குப் பயம். வெளக்க அணச்சிராதயும். ஆமென்.”

“ஆமென்” என்றாள் ஜெயமணி.

தங்கராஜ் கரண்டியை எடுத்து முதலில் என் தட்டில் சோறு போட்டான். ஜெயமணிக்கு முள் எடுத்து ஊட்டினான். குழம்பில் புளி தூக்கலாகத்தான் இருந்தது. நான் மூன்று முறை வாங்கிச் சாப்பிட்டேன்.